கர்சர் நிற்கும் சொல்லுக்குப் பொருள் கேட்கும் விசை

நிரல் எழுதப் பயன்படும் எடிட்டர்கள் பெரும்பாலானவற்றில், கர்சர் நிற்கும் சொல்லுக்கு உரிய கையேட்டுப் பக்கத்தைத் திறந்துகாட்டும் குறுக்குவிசை ஒன்று இருக்கும். விம்மில் அது பெரிய கே. விஎஸ் கோடில் கண்ட்ரோல்-கே, அடுத்து கண்ட்ரோல்-ஐ. இன்டெலிஜேயில் கண்ட்ரோல்-க்யூ. ஈமேக்ஸில் கண்ட்ரோல்-எச்சில் தொடங்கும் ஒரு குடும்பமே உண்டு. இவற்றை அவரவர் மொழிக்கும் பழக்கத்துக்கும் ஏற்ப மாற்றிக்கொள்ளலாம். எந்த விரலுக்கு எந்த விசை என்பது அதில் சிறிய கேள்வி. எந்த வகைக் கோப்பில் இருக்கும்போது எந்தக் கையேடு திறக்கவேண்டும் என்பது பெரிய கேள்வி. விசை ஒன்றாகவே இருந்துவிடலாம். அது திறக்கும் கையேடு கோப்புக்குக் கோப்பு மாறவேண்டும்.

இதன் தேவையைச் சி மொழியின் மெம்செட் என்ற செயற்கூறு நன்றாகக் காட்டும். நினைவகத்தில் ஒரு பகுதியை ஒரே மதிப்பால் நிரப்புவது அதன் வேலை. அதற்கு மூன்று உள்ளீடுகள் தரவேண்டும்: இடத்தின் முகவரி, நிரப்பவேண்டிய மதிப்பு, பைட்டுகளின் எண்ணிக்கை. கடைசி இரண்டும் எண்கள் என்பதால், இடம் மாற்றி எழுதினாலும் கம்பைலர் பல நேரங்களில் பேசாமல் இருந்துவிடும். நூறு பைட்டைச் சுழியத்தால் நிரப்பவேண்டிய வரி, சுழிய பைட்டை நூறால் நிரப்பும், அதாவது எதையுமே செய்யாது. பிழை எங்கோ தொலைவில் வேறு உருவத்தில் தலைகாட்டும். பத்தாண்டு அனுபவம் உள்ளவருக்கும் இந்த வரிசையில் சந்தேகம் வரும். அந்தச் சந்தேகம் இரண்டு நொடியில் தீர்ந்தால் சரிபார்ப்பார். உலாவியைத் திறந்து, தேடி, நான்கு பக்கம் புரட்டவேண்டும் என்றால் ‘இப்படித்தான் இருக்கும்’ என்று எழுதிவிட்டு நகர்வார். கையேட்டுக்கும் கைக்கும் உள்ள தொலைவு குறையக் குறைய, ஊகத்தால் எழுதப்படும் வரிகளும் குறையும்.

கையேடு கணினிக்குள்ளேயே இருக்கவேண்டும் என்ற எண்ணம் யூனிக்ஸிடமிருந்து பரவியது. யூனிக்ஸ் நிரலர் கையேட்டின் முதல் பதிப்பு 1971 நவம்பர் 3 தேதியிட்டது. கென் தாம்சனும் டென்னிஸ் ரிட்சியும் பெல் ஆய்வகத்தில் உருவாக்கியது. பின்னர் ‘மேன்’ என்ற கட்டளையின் வழியே அதன் பக்கங்களை முனையத் திரையிலேயே படிக்க முடிந்தது. இன்றைய லினக்ஸில் அந்தக் கையேடு எட்டுப் பிரிவுகளாக இருக்கிறது. ஒன்றில் பயனர் கட்டளைகள், இரண்டில் கெர்னலின் அழைப்புகள், மூன்றில் நூலகச் செயற்கூறுகள், ஐந்தில் கோப்பு வடிவங்கள், எட்டில் நிர்வாகக் கட்டளைகள். ஆறாம் பிரிவு விளையாட்டுகளுக்கு என்றே ஒதுக்கப்பட்டது. இந்தப் பிரிவெண் குறுக்குவிசைக்கு முக்கியமானது. பிரிண்ட்எஃப் என்ற பெயர் முதல் பிரிவிலும் இருக்கிறது, மூன்றாம் பிரிவிலும் இருக்கிறது. வெறுமனே கேட்டால் ஷெல் கட்டளையின் பக்கம் வரும். சி நிரலருக்கு வேண்டியதோ மூன்றாம் பிரிவின் பக்கம்.

விம்மின் கே விசை இந்தக் கையேட்டை எடிட்டரோடு இணைக்கிறது. விம்மின் முன்னோடியான வீ-ஐ, பில் ஜாய் 1976இல் பெர்க்லியில் எழுதத் தொடங்கியது. அவர் பயன்படுத்திய ஏடிஎம்-3ஏ முனையத்தில் தனி அம்பு விசைகள் இல்லை. எச், ஜே, கே, எல் விசைகளின் மேல்தான் அம்புக்குறிகள் அச்சிடப்பட்டிருந்தன. அதனால் சிறிய கே கர்சரை மேலே நகர்த்தும் விசை ஆயிற்று. நெதர்லாந்தைச் சேர்ந்த பிராம் மூலனார் 1991இல் வெளியிட்ட விம்மில், ஷிப்டோடு சேர்ந்த பெரிய கே கையேட்டைத் திறக்கும். ‘கீவேர்ட்’ என்ற சொல்லின் முதலெழுத்து என்று நினைவில் வைத்துக்கொள்ளலாம். கேப்ஸ்லாக் தவறுதலாக அழுந்தியிருக்கும்போது மேலே போக நினைத்தவரின் திரையில் திடீரென ஒரு கையேட்டுப் பக்கம் விரிவதும் இதனால்தான்.

கே அழுத்தியவுடன் மூன்று வேலைகள் நடக்கின்றன. முதலில், கர்சரின் கீழுள்ள சொல் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று விம் முடிவு செய்கிறது. அடுத்து, கையேட்டைத் திறக்கும் நிரல் எது என்று ‘கீவேர்ட்பிஆர்ஜி’ என்ற அமைப்பைப் பார்க்கிறது. யூனிக்ஸ் வகைக் கணினிகளில் அது இயல்பாக மேன். கடைசியில் அந்த நிரலிடம் அந்தச் சொல்லைக் கொடுத்து ஓட்டுகிறது. விசைக்கு முன் ஓர் எண்ணைத் தட்டினால் அது பிரிவெண்ணாகச் சேர்ந்துகொள்ளும். பிரிண்ட்எஃப் மீது கர்சரை வைத்து 3 என்றும் கே என்றும் அழுத்தினால் மூன்றாம் பிரிவின் பக்கமே வரும். மேலே சொன்ன குழப்பத்துக்கு ஒரு விசை கூடுதலாக விலை கொடுத்தால் போதும்.

இந்த மூன்று வேலைகளில் முதலாவதுதான் அதிகம் தொல்லை கொடுப்பது. எழுத்து, எண், அடிக்கோடு ஆகியவை சொல்லின் பகுதி. புள்ளியோ இடைக்கோடோ வந்தால் சொல் முடிந்தது என்பது பொது வழக்கு. சி மொழிக்கு இது சரியாகப் பொருந்தும். பைதானில் ‘ஓஎஸ் புள்ளி பாத் புள்ளி ஜாயின்’ என்ற பெயரின் கடைசித் துண்டில் கர்சர் நின்றால், விம் ‘ஜாயின்’ என்று மட்டும் கேட்கும். பைதானின் கையேட்டு நிரலான பைடாக்குக்கு முழுப்பெயர் வேண்டும்; வெறும் ஜாயினை அது அடையாளம் காணாது. எது சொல்லெழுத்து என்று குறிக்கும் ‘இஸ்கீவேர்ட்’ அமைப்பில் புள்ளியையும் சேர்த்துவிட்டால் தேடல் சரியாகிவிடும். ஆனால் சொல்லுக்குச் சொல் தாவும் விசைகளும், சொல்லைத் தேடும் விசைகளும் அதே அமைப்பை நம்பியிருப்பதால், அவை எல்லாம் முழுப்பெயரையும் ஒரே சொல்லாக விழுங்கத் தொடங்கும். ஒரு விசையின் வசதிக்காகப் பத்து விசைகளைக் கெடுப்பது நல்ல பேரம் அல்ல. முழுப்பெயரையும் தேர்வு செய்துவிட்டுக் கே அழுத்தலாம். ஒரே வரிக்குள் இருக்கும் தேர்வை விம் அப்படியே கையேட்டு நிரலிடம் கொடுக்கும்.

இரண்டாவது வேலையான ‘எந்த நிரல்’ என்பதில்தான் தனிப்பயனாக்கம் செழிக்கிறது. விம்மோடு வரும் கோப்புவகைச் செருகுநிரல்கள் சில மொழிகளுக்கு இதை ஏற்கெனவே செய்துவைத்திருக்கின்றன. பெர்ல் கோப்பில் கே பெர்ல்டாக்கைத் திறக்கும், பைதானில் பைடாக், ரூபியில் ஆர்ஐ, விம்மின் சொந்த அமைவுக் கோப்பில் விம்மின் உதவிப் பக்கம். இந்தப் பட்டியலில் இல்லாத மொழிக்கு, பயனர் தம் முகப்பு அடைவில் விம் அடைவுக்குள் ‘ஆஃப்டர்’, அதற்குள் ‘எஃப்டிபிளகின்’ என்று அடைவுகளை உருவாக்கி, மொழியின் பெயரில் ஒரு சிறு கோப்பை வைத்து, அதில் ஒரே வரியில் நிரலின் பெயரைச் சொன்னால் போதும். விம்மோடு வந்த அமைப்புகள் ஓடி முடித்த பிறகு இந்தக் கோப்பு படிக்கப்படுவதால் பயனர் சொல்வதே கடைசிச் சொல்லாகும். வரியை ‘செட்’ என்று தொடங்காமல் ‘செட்லோக்கல்’ என்று தொடங்கவேண்டும். இல்லாவிட்டால் ஒரு மொழிக்கான விதி திறந்திருக்கும் மற்றக் கோப்புகளுக்கும் தொற்றிக்கொள்ளும். சி கோப்பில் மெம்செட்டைக் கேட்டவருக்குப் பைதான் கையேடு ‘அப்படி ஒன்று இல்லை’ என்று பதில் சொல்லும்.

நிரலின் பெயர் முக்காற்புள்ளியில் தொடங்கினால் விம் அதை வெளி நிரலாக எடுத்துக்கொள்ளாது, தன் சொந்தக் கட்டளையாக எடுத்துக்கொள்ளும். இது சிறிய விவரம்போலத் தோன்றினாலும் படிக்கும் விதத்தையே மாற்றுகிறது. வெளியே ஓடும் மேன் முழுத்திரையையும் பிடித்துக்கொள்ளும். மூடினால்தான் நிரலுக்குத் திரும்பலாம். விம்மோடு வரும் மேன் செருகுநிரலை இயக்கி, கேயை அதன் கட்டளைக்குத் திருப்பிவிட்டால், கையேட்டுப் பக்கம் பக்கத்துச் சாளரத்தில் திறக்கும். மேலே கையேடு, கீழே நிரல். கையேட்டில் வேறொரு செயற்கூற்றின் பெயர் வந்தால், அதன்மேல் கர்சரை வைத்து கண்ட்ரோலோடு வலப்பக்கச் சதுர அடைப்பை அழுத்தினால் அந்தப் பக்கத்துக்குத் தாவலாம். கண்ட்ரோல்-டி பழைய இடத்துக்குக் கொண்டுவரும். நிரலைப் பார்த்துக்கொண்டே படிக்க முடிகிற கையேடு, நிரலை மறைத்துக்கொண்டு நிற்கும் கையேட்டைவிடப் பல மடங்கு பயன்படும்.

கேயை விட்டு வேறு விசையை வைத்துக்கொள்ள விரும்புவோர் ‘மேப்’ குடும்பக் கட்டளைகளைப் பயன்படுத்தவேண்டும். இதில் ஒரு பள்ளம் உண்டு. சாதாரண மேப் கட்டளை, புதிய விசைக்குத் தரப்படும் பொருளுக்குள் வரும் விசைகளையும் மீண்டும் மொழிபெயர்க்கும். அந்தப் பொருளின் நடுவே அதே விசை வந்தால் சுழலில் மாட்டிக்கொள்ளும். ‘நோரீ’ என்ற அசை சேர்ந்த வகை அப்படி மொழிபெயர்ப்பதில்லை. எப்போதும் அதையே பயன்படுத்துவது நல்லது. விம் தன் பயனருக்கென்றே ‘லீடர்’ என்ற முன்விசையையும் வைத்திருக்கிறது. இயல்பாக அது பின்சாய்வுக்கோடு. பலர் இடைவெளி விசைக்கு மாற்றிக்கொள்கிறார்கள். லீடரை அழுத்தியபின் அடுத்த விசைக்காக விம் ஆயிரம் மில்லிநொடி, அதாவது ஒரு நொடி காத்திருக்கும். விரல் மெதுவாக நகர்பவர்கள் இந்த நேரத்தைக் கூட்டிக்கொள்ளலாம்.

ஈமேக்ஸின் வழி வேறு. 1976இல் எம்ஐடியின் செயற்கை நுண்ணறிவு ஆய்வகத்தில் பிறந்து, 1985இல் ரிச்சர்ட் ஸ்டால்மன் குனு திட்டத்துக்காக வெளியிட்ட வடிவில் நிலைபெற்ற எடிட்டர் இது. இதில் செயற்கூறு ஒவ்வொன்றும் தன் விளக்கத்தைத் தன்னோடே சுமந்துகொண்டிருக்கும். கண்ட்ரோல்-எச் அடித்து எஃப் அழுத்தினால் செயற்கூற்றின் விளக்கம். வி அழுத்தினால் மாறியின் விளக்கம். கே அழுத்தி ஏதாவது ஒரு விசையைத் தட்டினால் அந்த விசை என்ன செய்யும் என்ற விளக்கம். விசையைப் பற்றி விசையிடமே கேட்கலாம். இவை எல்லாம் ஈமேக்ஸைப் பற்றிய கேள்விகள். எழுதிக்கொண்டிருக்கும் மொழியைப் பற்றிக் கேட்க, அதே முன்விசைக்குப் பின் பெரிய எஸ். கோப்பு எந்த மொழியில் இருக்கிறது என்று பார்த்து, அந்த மொழிக்குரிய கையேடு நிறுவப்பட்டிருந்தால் அதில் அந்தச் சொல்லை அது தேடும். சி கோப்பில் குனு சி நூலகத்தின் கையேடு திறக்கும். விசை மாறாமல் கையேடு மட்டும் மாறும் வழி இங்கே முதலிலிருந்தே போடப்பட்டிருக்கிறது.

கண்ட்ரோல்-எச்சுக்கு ஒரு பழைய வில்லங்கம் உண்டு. ஆஸ்கி முறையில் எச் எழுத்தின் எண் 72. கண்ட்ரோல் சேரும்போது அதிலிருந்து 64 கழிகிறது. மிஞ்சும் 8 பேக்ஸ்பேஸின் எண். சில முனையங்களில் பேக்ஸ்பேஸ் விசையும் இதே எண்ணை அனுப்பியதால், எழுத்தை அழிக்கப்போனவருக்கு ஈமேக்ஸ் உதவிச் சாளரத்தைக் காட்டியது. இதே கணக்கால்தான் பழைய வகை முனையங்களில் கண்ட்ரோல்-ஐயை டேபிலிருந்தும், கண்ட்ரோல்-எம்மை என்டரிலிருந்தும் பிரித்தறிய முடியாது. முனையத்துக்குள் ஓடும் எடிட்டருக்குக் குறுக்குவிசை தேர்ந்தெடுப்பவர் இந்த மூன்றையும் தவிர்க்கவேண்டும். உதவிக்கு எஃப்1 விசையையும் ஈமேக்ஸ் ஏற்றுக்கொள்ளும். பயனருக்கென்று ஈமேக்ஸ் ஒதுக்கிவைத்திருப்பவை, கண்ட்ரோல்-சியை அடுத்து வரும் தனி எழுத்துகளும், எஃப்5 முதல் எஃப்9 வரையிலான விசைகளும். செருகுநிரல் எழுதுபவர்கள் இவற்றைத் தொடக்கூடாது என்பது அங்கே எழுதப்பட்ட மரபு. ஆகவே சொந்தக் குறுக்குவிசைகளை இந்த இடத்தில் குடியேற்றினால் அடுத்த பதிப்பு வந்து அவற்றைத் தட்டிப் பறிக்காது.

எஃப்1 என்றால் உதவி என்ற வழக்கை ஐபிஎம் 1987இல் வகுத்த பொதுப் பயனர் அணுகல் நெறிகள் உறுதிப்படுத்தின. இந்தியப் பொறியியல் கல்லூரிகளில் நீண்டகாலம் ஆய்வுக்கூட எடிட்டராக இருந்த டர்போ சி++, எஃப்1ஐப் பொது உதவிக்கும், கண்ட்ரோல்-எஃப்1ஐக் கர்சரின் கீழுள்ள சொல்லுக்கும் வைத்திருந்தது. அந்த நீலத்திரையில் இணையம் இல்லாமலே சி நூலகத்தின் விளக்கமும், வெட்டி ஒட்டத்தக்க எடுத்துக்காட்டு நிரலும் கிடைத்தன. மாணவர்கள் பலருக்கு முதல் சி ஆசிரியர் அந்த விசைதான்.

விஎஸ் கோடில் விளக்கம் இயல்பாக மவுஸைச் சொல்லின்மேல் நிறுத்தினால் வருகிறது. விசைப்பலகையிலிருந்து கையை எடுக்காமல் பெறவே கண்ட்ரோல்-கே, கண்ட்ரோல்-ஐ இருக்கிறது. இரண்டு அடிகள் கொண்ட இந்த விசை அடிக்கடி கேட்பவருக்குச் சற்று நீளம்தான். கண்ட்ரோல்-கே, கண்ட்ரோல்-எஸ் அழுத்தினால் குறுக்குவிசைப் பட்டியல் திறக்கும்; அங்கே ஹோவர் என்று தேடி வேறு விசையைக் கொடுக்கலாம். நுணுக்கமாக அமைக்க விரும்புவோருக்கு ஜேசன் வடிவில் ஒரு கோப்பு உண்டு. ஒவ்வொரு விதியிலும் விசை, கட்டளை, ‘எப்போது’ என்ற நிபந்தனை என மூன்று பகுதிகள். நிபந்தனையில் கோப்பின் மொழியைக் குறிப்பிடலாம் என்பதால், ஒரே விசை பைதானில் ஒன்றையும் மார்க்டவுனில் வேறொன்றையும் செய்யும்படி எழுதமுடியும். விதிகள் கீழிருந்து மேலாகப் படிக்கப்படும். முதலில் பொருந்துவது வெல்லும். பயனரின் விதிகள் இயல்பு விதிகளுக்குக் கீழே சேர்வதால் அவையே முந்துகின்றன. வேண்டாத இயல்பு விசையை நீக்க, கட்டளையின் பெயருக்கு முன் ஒரு கழித்தல் குறி போடவேண்டும்.

அந்த ஹோவர் பெட்டிக்குள் வரும் விளக்கம் பெரும்பாலும் எடிட்டரிடம் இருப்பதில்லை. முன்பெல்லாம் ஒவ்வோர் எடிட்டரும் ஒவ்வொரு மொழிக்கும் தனித்தனியாக இந்த அறிவைக் கட்டவேண்டியிருந்தது. பத்து எடிட்டர், இருபது மொழி என்றால் இருநூறு இணைப்புகள். மைக்ரோசாஃப்ட் 2016 ஜூனில் ரெட் ஹேட், கோடென்வி நிறுவனங்களோடு சேர்ந்து அறிவித்த மொழிச் சேவையக நெறிமுறை இதைக் கூட்டல் கணக்காக மாற்றியது. மொழிக்கு ஒரு சேவையகம், எடிட்டருக்கு ஒரு வாடிக்கையாளர் நிரல். எடிட்டர் ‘இந்தக் கோப்பு, இந்த வரி, இந்த இடம்’ என்று கேட்கும். சேவையகம் விளக்கத்தைத் திருப்பி அனுப்பும்.

‘இந்த இடம்’ என்பதில் தமிழ் நிரலருக்கு நேரடியாகப் படும் ஒரு விவரம் இருக்கிறது. நெறிமுறை வரியின் இடத்தை இயல்பாக யுடிஎஃப்-16 அலகுகளில் எண்ணுகிறது. ‘அம்மா’ என்பது கண்ணுக்கு மூன்று எழுத்து. யுனிகோடில் ஐந்து குறிகள். யுடிஎஃப்-16இல் ஐந்து அலகுகள். யுடிஎஃப்-8இல் பதினைந்து பைட்டுகள். ஒரே வரியில் முதலில் ‘அம்மா’ என்ற தமிழ்ச் சரமும் அதற்குப் பின் ஒரு செயற்கூறும் இருந்து, எடிட்டர் பைட்டுகளை எண்ணி அனுப்பினால், சேவையகம் பத்து இடம் தள்ளி நிற்கும் வேறொரு சொல்லுக்கு விளக்கம் தரும். நெறிமுறையின் 3.17ஆம் பதிப்பிலிருந்து எந்த அளவில் எண்ணுவது என்பதை இரு தரப்பும் பேசி முடிவு செய்துகொள்ளலாம். ஆங்கில எழுத்து மட்டும் எழுதுபவரின் கண்ணில் இந்தக் கோளாறு படவே படாது.

2014இல் விம்மிலிருந்து பிரிந்த நியோவிம், மொழிச் சேவையக வாடிக்கையாளரைத் தனக்குள்ளேயே கொண்டது. அதன் 0.10ஆம் பதிப்பு 2024இல் வந்தபோது, கோப்போடு சேவையகம் இணைந்திருந்தால் கே விசை மேனைத் திறக்காமல் அந்தச் சேவையகத்திடம் கேட்கும் என்று ஆக்கப்பட்டது. பயனர் கேக்கு ஏற்கெனவே வேறு பொருள் கொடுத்திருந்தால் அதைத் தொடுவதில்லை. விரல் பழக்கம் அப்படியே இருக்க, பதில் சொல்பவர் மட்டும் மாறியிருக்கிறார்.

ஆனால் இரண்டு பதில்களும் ஒன்றல்ல. லினக்ஸில் சி கோப்பில் எஸ்டிஆர்என்சிபிஒய் மீது கேட்டால், கிளாங்டி சேவையகம் செயற்கூற்றின் வடிவத்தையும், தலைப்புக் கோப்பில் அதற்கு மேலே எழுதப்பட்ட ஒற்றை வரிக் குறிப்பையும் காட்டும். இத்தனை எழுத்துக்கு மேல் நகலெடுக்காது என்பதே அந்தக் குறிப்பின் சாரம். மேன் பக்கமோ, மூலச் சரம் அந்த அளவுக்குள் முடியாவிட்டால் நகலின் இறுதியில் முடிவுக்குறியான சுழிய பைட் வைக்கப்படாது என்று எச்சரிக்கும். பாதுகாப்புப் பிழைகள் பலவற்றுக்குக் காரணமான செய்தி இந்த இரண்டாவதுதான். உள்ளீடுகளின் வரிசை மறந்தால் ஹோவர் போதும். ஒரு செயற்கூற்றை முதல்முறை பயன்படுத்தினால் முழுப்பக்கம் வேண்டும். ஆகவே ஒன்றை நீக்கி மற்றதை வைப்பதைவிட, கேயைச் சேவையகத்துக்கும், லீடர்-கேயை மேனுக்கும் வைத்துக்கொள்வதே சி எழுதுபவருக்கு ஏற்றது. கையேடுகளை முன்பே இறக்கிவைத்து இணையம் இல்லாமலே காட்டும் ஜீல், மேக் கணினிகளுக்கான டேஷ் போன்ற தனி நிரல்களையும் மூன்றாவது விசையோடு இணைக்கலாம். ஜீலைக் கட்டளை வரியிலிருந்து அழைக்கும்போது ‘பைதான்’ என்று முன்னொட்டுச் சேர்த்தால் பைதான் கையேட்டுக்குள் மட்டும் தேடும்.

தமிழ்99 விசைப்பலகை இயங்கிக்கொண்டிருக்கும்போது இந்த விசைகள் பல வேலை செய்யாது. இயங்குதளம் கே விசையைத் தமிழ் எழுத்தாக மாற்றியபின்தான் எடிட்டருக்கு அனுப்புகிறது. விம்மின் சாதாரண நிலைக்கு அந்த எழுத்து ஒரு கட்டளை அல்ல. மாற்றும் வேலையை விம்மிடமே விட்டுவிட்டால் இது தீரும். விம்மின் ‘கீமேப்’ வசதி எழுத்துகளை உள்ளிடும் நிலையில் மட்டும் மாற்றுகிறது. எஸ்கேப் அழுத்தி வெளியே வந்ததும் கே மீண்டும் கே ஆகிவிடும்.

அமைத்த விசை வேலை செய்யாதபோது, அது எடிட்டரை வந்தடைகிறதா என்பதை முதலில் பார்க்கவேண்டும். விசை முதலில் மேசைத்தளத்தையும், பிறகு முனைய நிரலையும் கடந்துதான் எடிட்டருக்கு வருகிறது. எஃப்1ஐத் தன் உதவிக்கென்று வழியிலேயே எடுத்துக்கொள்ளும் முனையங்கள் உண்டு. எஃப்என் விசையையும் சேர்த்து அழுத்தினால்தான் எஃப்1ஐ அனுப்பும் மடிக்கணினிகளும் உண்டு. விம்மின் உள்ளிடும் நிலையில் கண்ட்ரோல்-வி அழுத்தி, பின் அந்த விசையைத் தட்டினால், வந்து சேர்வது என்ன என்று அப்படியே தெரியும். வந்து சேர்கிறது, ஆனால் வேறு எதையோ செய்கிறது என்றால், ‘வெர்போஸ்’ என்ற சொல்லைச் சேர்த்து மேப் கட்டளையை அந்த விசைக்குக் கேட்கவேண்டும். அதற்குக் கடைசியாகப் பொருள் கொடுத்த கோப்பின் பெயரை விம் காட்டும். பெரும்பாலும் அது மறந்துபோன ஒரு செருகுநிரலாக இருக்கும். ஈமேக்ஸில் இதற்கு கண்ட்ரோல்-எச், கே. விஎஸ் கோடின் குறுக்குவிசைப் பட்டியலில் விசையையே தட்டித் தேடினால், அதற்குப் போட்டியிடும் கட்டளைகள் எல்லாம் ஒரே இடத்தில் வரிசையாக நிற்கும்.